வீட்டில் மைன்கிராஃப்ட் சர்வர் நிறுவி நண்பர்களைச் சேர்க்க நான் பட்ட பாடு

கட்டைகளை அடுக்கி உலகம் கட்டும் விளையாட்டான மைன்கிராஃப்டின் சர்வரை வீட்டுக் கணினியில் நிறுவி, வெவ்வேறு ஊர்களில் இருக்கும் நண்பர்களை அதில் சேர்த்து விளையாட நினைப்பவர்கள், அதற்காக ஒரு ரூபாய் செலவழிக்கும் முன்பே இதைப் படித்துவிட வேண்டும் என்பதற்காகத்தான் எழுதுகிறேன். எனக்கு இவற்றை முன்கூட்டிச் சொல்ல யாரும் இல்லை. புதிய ரவுட்டருக்கு ரூ.3,200 போனது. அதிக வேகத் திட்டத்துக்கு மாறியதில் கூடுதலாக ரூ.1,500 போனது. பணத்தைவிடப் பெரிய இழப்பு, வேலை முடிந்து வந்து நள்ளிரவு வரை ரவுட்டரின் அமைப்புப் பக்கத்தைப் பார்த்தபடி கழிந்த பல வாரத்து இரவுகள்தான். என் பிரச்சினைக்கும் இந்தச் செலவுகளுக்கும் துளியும் தொடர்பில்லை என்று பிறகுதான் தெரிய வந்தது.

நாங்கள் நால்வரும் ஒரே பாலிடெக்னிக்கில் படித்தவர்கள். விடுதியில் ஒரே வைஃபையில் இணைந்து கட்டத் தொடங்கிய ஓர் உலகம் எங்களிடம் இருந்தது. படிப்பு முடிந்ததும் நான் திருநெல்வேலிக்குத் திரும்பினேன். ஒருவன் கோயம்புத்தூருக்கும் ஒருவன் ஓசூருக்கும் வேலைக்குப் போனார்கள். நான்காமவன் சிங்கப்பூருக்குப் போய்விட்டான். வாரத்தில் ஓர் இரவாவது சேர்ந்து அதே உலகத்தில் தொடர்ந்து கட்ட வேண்டும் என்பது எல்லோருடைய ஆசையும். உலகத்தின் கோப்பு என் கணினியில் இருந்ததால், மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்புக்கான சர்வர் மென்பொருளை நானே நிறுவினேன். என் வீட்டுக்குள் வேறொரு மடிக்கணினியிலிருந்து சேர முடிந்தது. வெளியூர் நண்பர்கள் மூவருக்கும் ‘கனெக்‌ஷன் டைம்ட் அவுட்’ என்ற ஒரே பதில்தான் வந்தது.

“எங்களுக்கு பிஜிஎம்ஐ நல்லாத்தானே ஓடுது, உன் லைன்லதான் ஏதோ கோளாறு மாப்ள” என்றான் ஓசூர் நண்பன். இந்த ஒப்பீடு பலரையும் தவறான பாதையில் கொண்டுபோய் விடுவதால் இதை முதலில் தெளிவுபடுத்திவிடுகிறேன். பிஜிஎம்ஐ, வாலரன்ட் போன்ற விளையாட்டுகளில் எல்லோரும் நிறுவனத்தின் சர்வரை நோக்கி வெளியே போகிறார்கள். வெளியே போகும் இணைப்பை வீட்டு ரவுட்டர் தடுப்பதில்லை, அதற்கான பதில் திரும்பி வருவதையும் தடுப்பதில்லை. நண்பர்களில் ஒருவரே சர்வரை நடத்தும்போது நிலைமை தலைகீழாகிவிடுகிறது. மற்றவர்கள் அவர் வீட்டுக்குள் வந்தாக வேண்டும். யாரும் கேட்காமல் தானாக உள்ளே வரும் இணைப்பு எதுவானாலும், அதை எந்தக் கணினிக்கு அனுப்புவது என்று ரவுட்டருக்குத் தெரியாது. அதனால் அது அங்கேயே கைவிடப்படுகிறது. ஆகவே மற்ற விளையாட்டுகள் நன்றாக ஓடுகின்றன என்பதும், வேகச் சோதனையில் நல்ல எண் வருகிறது என்பதும் இந்தப் பிரச்சினையைப் பற்றி எதையுமே சொல்வதில்லை.

திரையில் வரும் பிழைச் செய்தியின் சரியான சொற்களைக் குறித்துக்கொள்வது மிக முக்கியம். ‘டைம்ட் அவுட்’ என்று வந்தால், நண்பரின் கோரிக்கை வழியில் எங்கோ சத்தமில்லாமல் விழுங்கப்பட்டது என்று பெரும்பாலும் எடுத்துக்கொள்ளலாம்: ரவுட்டரிலோ, கணினியின் பாதுகாப்புத் தடுப்பான ஃபயர்வாலிலோ, அதற்கு முன்பே இணைய நிறுவனத்தின் கருவியிலோ அது நின்றிருக்கும். ‘கனெக்‌ஷன் ரெஃப்யூஸ்ட்’ என்று வந்தால், கோரிக்கை ஏதோ ஓர் இயந்திரத்தை எட்டிவிட்டது, ஆனால் அந்த போர்ட்டில், அதாவது இணைப்புக்காக மென்பொருள் காத்திருக்கும் எண்ணிட்ட வாசலில், கேட்டுக்கொண்டிருக்க யாரும் இல்லை என்று பொருள். சர்வர் ஓடுகிறதா, போர்ட் எண் சரியா என்று பார்க்க வேண்டும். ‘அவுட்டேட்டட்’ என்றோ ‘இன்கம்பேட்டிபிள்’ என்றோ தொடங்கும் செய்தி வந்தால் மகிழ்ச்சி அடையலாம், ஏனெனில் பாதை முழுதும் திறந்திருக்கிறது, இரு பக்கமும் உள்ள பதிப்புகள்தான் வேறுபடுகின்றன. எங்களுக்கு வந்தது முதல் வகை.

அதனால் என் கணினியிலிருந்தே தொடங்கினேன். விண்டோஸில் ஒரு நெட்வொர்க்கை ‘பப்ளிக்’ என்று குறித்திருந்தால் ஃபயர்வால் கூடுதல் கண்டிப்பாக இருக்கும். வீட்டு இணைப்பை ‘பிரைவேட்’ என்று மாற்றி, சர்வரை ஓட்டும் ஜாவா மென்பொருளுக்கு அனுமதி கொடுத்தேன். ஃபயர்வாலை முழுதாக அணைத்துவிடுமாறு பல இடங்களில் அறிவுரை இருக்கும். அப்படிச் செய்யத் தேவையே இல்லை. மைன்கிராஃப்ட் சர்வர் பயன்படுத்தும் டிசிபி 25565 என்ற ஒரு போர்ட்டைத் திறந்தால் போதும். அடுத்து ரவுட்டரில் போர்ட் ஃபார்வர்டிங் செய்தேன்: 25565-க்கு வரும் எதையும் என் கணினியின் உள் முகவரியான 192.168.1.5-க்கு அனுப்பு என்ற விதி அது. மின்வெட்டு முடிந்து எல்லாம் மீண்டும் உயிர்பெறும்போது கணினிக்கு வேறு உள் முகவரி கிடைத்துவிடலாம், அப்போது அந்த விதி காற்றைச் சுட்டிக்கொண்டிருக்கும். எனவே உள் முகவரிகளைப் பங்கிடும் ரவுட்டரின் டிஹெச்சிபி பகுதியில் அந்தக் கணினிக்கு ஒரே முகவரியை நிலையாக ஒதுக்கியும் வைத்தேன். இத்தனைக்குப் பிறகும் டைம்ட் அவுட்.

வாடிக்கையாளர் சேவை எண்ணை அழைத்தபோது, ரவுட்டர் பழையது, இரட்டை அலைவரிசை ரவுட்டர் வாங்குங்கள் என்றார்கள். வாங்கினேன். பிறகு அழைத்தபோது, விளையாட்டுக்கு உங்கள் திட்டத்தின் வேகம் போதாது என்றார்கள். மாறினேன். ஒவ்வொரு முறையும் நண்பர்கள் மூவரும் இரவு பத்து மணிக்குக் காத்திருப்பார்கள். சிங்கப்பூரில் அப்போது நள்ளிரவு பன்னிரண்டரை. அவன் மறுநாள் காலை ஷிஃப்டுக்குப் போக வேண்டியவன். “பரவாயில்லடா, அடுத்த வாரம் பாத்துக்கலாம்” என்று அவன் சொல்லிவிட்டுப் போகும்போது எனக்குத் தொண்டை அடைத்துவிடும். இணைப்பு கிடைக்காமல் போவது சின்ன விஷயம் போலத் தெரியலாம். ஆனால் ஒவ்வொரு வாரமும் அது நடந்தால் நண்பர்கள் மெல்ல மெல்ல வருவதை நிறுத்திவிடுவார்கள் என்ற பயம் எனக்கு உண்மையிலேயே இருந்தது.

உண்மையைச் சொன்னவர், வேறொரு வேலையாகத் தெருவுக்கு வந்திருந்த ஃபைபர் டெக்னீஷியன். ரவுட்டரின் பக்கத்தைத் திறந்து, ‘வேன் ஐபி’ (ரவுட்டருக்கு இணைய நிறுவனம் தரும் முகவரி) என்று இருந்த வரியை விரலால் தொட்டுக் காட்டினார். அதில் 100.72 என்று தொடங்கும் எண் இருந்தது. “தம்பி, உங்களுக்குத் தனி ஐபி கிடையாது. இந்த ஏரியால பாதிப் பேரு ஒரே ஐபிலதான் வெளிய போறாங்க. நீங்க ரவுட்டர்ல எதைத் திறந்து வச்சாலும் வெளியில இருந்து உள்ள வர முடியாது” என்றார். “அண்ணே, இதை ஏன் போன்ல யாருமே சொல்லல?” என்று கேட்டதற்கு, “அவங்க ஸ்பீடு மட்டுந்தான் பாப்பாங்க தம்பி” என்று சொல்லிவிட்டு ஏணியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். அவருக்கு இன்றும் நன்றி சொல்கிறேன்.

அவர் சொன்னதற்குப் பெயர் சிஜிநாட். இணைய முகவரிகளுக்கான பழைய ஐபிவி4 முறையில் மொத்தம் சுமார் 429 கோடி முகவரிகள்தான் உண்டு. உலக அளவில் பகிர்ந்தளிக்க இருந்த கடைசித் தொகுதிகள் 2011 பிப்ரவரியில் தீர்ந்தன; அதே ஆண்டு ஏப்ரலில் ஆசிய-பசிபிக் பகுதிக்கான இருப்பும் கடைசித் தொகுதிக்கு வந்துவிட்டது. அதனால் நிறுவனங்கள் பல வாடிக்கையாளர்களை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைத்தன. எங்கள் ஊர்ப் பக்கத்து வளவுகளில் ஒரே கதவு எண்ணுக்குள் வரிசையாகப் பல குடித்தனங்கள் இருப்பதைப் போன்றது இது: உள்ளே இருப்பவர் வெளியே போகலாம், ஆனால் வெறும் கதவு எண்ணை மட்டும் எழுதிய கடிதம் எந்தக் குடித்தனத்துக்கு என்று யாருக்கும் தெரியாது. இந்தப் பகிர்வுக்கென்றே 2012-இல் ஒதுக்கப்பட்டது 100.64.0.0 முதல் 100.127.255.255 வரையான வரிசை. என் ரவுட்டரில் நான் திறந்துவைத்த வாசல் உள்வாசல்தான். வெளிவாசல் நிறுவனத்தின் கருவியில் இருக்கிறது, அதில் நமக்கு அதிகாரமே கிடையாது.

ஆகவே எதையும் வாங்கும் முன் இந்தச் சோதனையைச் செய்துவிடுங்கள்; இரண்டு நிமிடம் போதும். ரவுட்டரின் நிலைப் பக்கத்தில் வேன் ஐபி என்ன என்று பாருங்கள். பிறகு உலாவியில் ‘என் ஐபி என்ன’ என்று தேடி, அங்கே காட்டும் ஐபிவி4 எண்ணைப் பாருங்கள். இரண்டும் ஒன்றாக இருந்தால் உங்களுக்குப் பொது முகவரி இருக்கிறது, போர்ட் ஃபார்வர்டிங் வேலை செய்யும். வேறாக இருந்தால் வேன் ஐபி 192.168 என்று தொடங்குகிறதா என்று கவனியுங்கள். அப்படியானால் நிறுவனம் கொடுத்த ஃபைபர் பெட்டியும் நீங்கள் வாங்கிய ரவுட்டரும் ஒன்றன்பின் ஒன்றாக ஒரே வேலையைச் செய்துகொண்டிருக்க வாய்ப்பு அதிகம். நிறுவனத்தின் பெட்டியை, இணைப்பை அப்படியே கடத்திவிடும் ‘பிரிட்ஜ்’ முறைக்கு மாற்றச் சொன்னால் அந்தச் சிக்கல் தீரும். மாற்றிய பிறகு மீண்டும் எண்களை ஒப்பிடுங்கள். 100.64 முதல் 100.127 வரையான எண்ணோ, 10 என்று தொடங்கும் எண்ணோ வந்தால் அநேகமாகச் சிஜிநாட்தான். இன்னொன்றையும் சொல்ல வேண்டும்: போர்ட் திறந்திருக்கிறதா என்று சோதிக்கும்போது வீட்டு வைஃபையிலிருந்தே பொது முகவரிக்குப் போய்ப் பார்க்காதீர்கள். பல ரவுட்டர்கள் அப்படி வெளியே போய்த் திரும்பி வருவதை அனுமதிப்பதில்லை, அதனால் வேலை செய்யும் சர்வரும் வேலை செய்யாதது போலத் தெரியும். மொபைல் டேட்டாவிலிருந்து சோதிக்க வேண்டும்.

சிஜிநாட் என்று உறுதியான பிறகு வழிகள் சிலவே. நிறுவனத்திடம் நிலையான ஐபி கேட்கலாம். என்னிடம் ஆண்டுக்கு ரூ.2,400-உம் வரியும் கேட்டார்கள், ஏற்கெனவே கையைக் கடித்திருந்ததால் நான் எடுக்கவில்லை. எல்லோருடைய இணைப்பிலும் புதிய முகவரி முறையான ஐபிவி6 இருந்தால் அதன் வழியே நேரடியாகச் சேரலாம், ரவுட்டரின் ஐபிவி6 ஃபயர்வாலில் மட்டும் அனுமதி கொடுக்க வேண்டும். என் நிறுவனம் ஐபிவி6 தரவில்லை. மும்பையிலோ சிங்கப்பூரிலோ மாத வாடகைக்கு ஒரு சர்வர் எடுக்கலாம், கணினியை இரவெல்லாம் ஓடவிட வேண்டியதில்லை என்பது அதன் பெரிய வசதி. நான் தேர்ந்தெடுத்தது டெயில்ஸ்கேல் என்ற மென்பொருளை. அதை எல்லோரும் நிறுவியதும், நாங்கள் நால்வரும் ஒரே வீட்டு நெட்வொர்க்கில் இருப்பது போன்ற தனி வலையமைப்பு உருவாகிறது. இரு பக்கமும் வெளிநோக்கியே இணைவதால் சிஜிநாட் குறுக்கே நிற்பதில்லை. தனிப்பட்ட பயன்பாட்டுக்குக் கட்டணம் இல்லை. சர்வர் ஓடும் ஒரு கணினியை மட்டும் நண்பர்களுக்குப் பகிரவும் முடியும், அதனால் வீட்டின் மற்ற கருவிகள் அவர்கள் கண்ணில் படாது. ஸீரோடியர், ராட்மின் விபிஎன் ஆகியவையும் இதே வேலையைச் செய்பவை. டெயில்ஸ்கேலும் 100 என்று தொடங்கும் முகவரியையே ஒவ்வொரு கணினிக்கும் தருகிறது. அதை ரவுட்டரின் வேன் எண்ணோடு போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

அன்று இரவு புதிய முகவரியை நண்பர்களுக்கு அனுப்பிவிட்டுத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இடது ஓரத்தில் மஞ்சள் எழுத்தில் கோவை நண்பனின் பெயர் வந்தது. சற்று நேரத்தில் ஓசூர், பிறகு சிங்கப்பூர். யாரும் பேசவில்லை, விடுதியில் கட்டிய மர வீட்டின் முன்னால் நான்கு பேரும் குதித்துக்கொண்டே இருந்தோம். 

சேர்வது ஒரு பிரச்சினை, சேர்ந்த பிறகு தடங்கலின்றி விளையாடுவது இன்னொன்று. சிங்கப்பூர் நண்பன் உடைத்த கல் மீண்டும் அதே இடத்தில் முளைத்தது. எல்லோருமே அவ்வப்போது உறைந்து நின்றோம். இங்கே முதலில் கேட்க வேண்டியது, ஒருவருக்கு மட்டும் தடங்குகிறதா, எல்லோருக்கும் ஒரே நொடியில் தடங்குகிறதா என்பதுதான். ஒருவருக்கு மட்டும் என்றால் அவருடைய பக்கத்தைப் பார்க்க வேண்டும். எல்லோருக்கும் என்றால் ஒன்று சர்வர் கணினி திணறுகிறது, அல்லது சர்வர் இருக்கும் வீட்டின் இணைப்பு திணறுகிறது. மைன்கிராஃப்ட் சர்வர் நொடிக்கு 20 முறை உலகத்தைக் கணக்கிடுகிறது, ஒவ்வொரு கணக்குக்கும் 50 மில்லிநொடி அவகாசம். அது பிந்தினால் சர்வரின் கறுப்புத் திரையில் ‘கான்ட் கீப் அப்’ என்ற எச்சரிக்கை வரும். எனக்கு அது ஓரிரு முறை வந்தது, பார்வைத் தூரத்தைக் குறைத்ததும் நின்றது. ஆனாலும் உறைவது தொடர்ந்தது. ஆகவே மீதி நெட்வொர்க்தான்.

பாதையைத் துண்டு துண்டாகப் பிரித்துச் சோதித்தேன். நான் கற்றவற்றில் மிகவும் பயனுள்ளது இந்தப் பழக்கம் என்பேன். கட்டளைத் திரையில் முதலில் ரவுட்டருக்கே, அதாவது 192.168.1.1-க்கு, தொடர்ந்து பிங் செய்ய வேண்டும் (சிறு தரவை அனுப்பி, பதில் வர எவ்வளவு நேரம் ஆகிறது என்று பார்ப்பது). அது வீட்டுக்குள்ளேயே இருக்கும் பெட்டி, 1, 2 மில்லிநொடிக்கு மேல் போகக் கூடாது. என் திரையில் 2, 1, 3, 2 என்று வந்துகொண்டிருந்தது திடீரென்று 187 என்று தாவியது, அடுத்த வரி பதிலே இல்லை, பிறகு மீண்டும் 2. அறைக்கும் ரவுட்டருக்கும் இடையே இரண்டு செங்கல் சுவர்கள். அக்கம்பக்கத்து வீடுகளின் வைஃபை எல்லாம் அதே 2.4 கிகாஹெர்ட்ஸில். பதினைந்து மீட்டர் லேன் கேபிளை ரூ.450-க்கு வாங்கிச் சுவரோரமாக இழுத்ததும் அந்தத் தாவல் முற்றிலும் நின்றது. முழு அலைச்சலிலும் உருப்படியாகப் பயன்பட்ட செலவு இது ஒன்றுதான். கேபிள் இழுக்க வழியில்லாதவர்கள், ரவுட்டர் இருக்கும் அறையிலேயே 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில் விளையாடலாம்.

அடுத்த துண்டு ரவுட்டரிலிருந்து வெளியுலகம் வரை. கூகுளின் சர்வரான 8.8.8.8-க்குப் பிங் செய்தபோது பகலில் எல்லாம் நன்றாக இருந்தது. இரவு ஒன்பதரைக்கு மேல் 300 வரை ஏறியது. காரணம் தேடியபோது, அக்கா வேலை முடிந்து வந்ததும் அவளுடைய ஃபோன் அன்றைய படங்களையும் காணொளிகளையும் தானாக மேகச் சேமிப்புக்கு ஏற்றத் தொடங்குவது தெரிந்தது. சர்வரை நடத்துபவருக்கு முக்கியம் பதிவிறக்க வேகம் இல்லை, பதிவேற்றம்தான். அந்தப் பாதையை ஒரே ஒரு ஃபோன் நிரப்பிவிட்டால் விளையாட்டின் சின்னச் சின்னத் தரவுகளும் அந்த வரிசையின் பின்னால் நின்று காத்திருக்க நேரும். கருவிகளுக்கு வேகத்தைப் பிரித்துக் கொடுக்கும் ரவுட்டரின் கியூஓஎஸ் பகுதியில் அந்த ஃபோனுக்குப் பதிவேற்ற வரம்பு ஒன்றை வைத்தேன். அக்காவுக்கு எந்த வித்தியாசமும் தெரியவில்லை, எங்கள் பிங் இறங்கிவிட்டது.

கடைசித் துண்டு நண்பர் வரை. டெயில்ஸ்கேல் இரு கணினிகளையும் நேராக இணைக்கவே முயலும். இரு பக்கமும் சிஜிநாட் போன்ற கடினமான முகவரிப் பகிர்வு இருந்தால், இடையில் நின்று தரவைக் கடத்தும் ரிலே சர்வர் வழியாக அனுப்பும், அப்போது வேகம் குறையும். அதன் பிங் கட்டளையை ஓட்டினால் நேரடியா, ரிலே வழியா என்று அதுவே சொல்லிவிடும். சிங்கப்பூர் நண்பன் தன் அறையின் பொது வைஃபையை விட்டு மொபைல் டேட்டாவுக்கு மாறியதும் இணைப்பு நேரடியானது. அதன் பிறகும் அவனுக்கு 60 மில்லிநொடி அளவில்தான் வருகிறது, இதில் குறை சொல்ல ஏதுமில்லை. கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கி.மீ. போகிறது, அதாவது ஒவ்வொரு 100 கி.மீ. தூரத்துக்கும் போய்வர 1 மில்லிநொடி. சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் நடுவே 3,000 கி.மீ. அளவுக்குக் கடலடிக் கேபிள் இருக்கையில் 30-க்குக் கீழே எந்த ரவுட்டராலும் கொண்டுவர முடியாது. தூரத்தால் வரும் தாமதத்தைக் குறைப்பதாகச் சொல்லி விற்கப்படும் எதற்கும் பணம் கொடுக்கும் முன் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள்.

பொது முகவரி கிடைத்து போர்ட்டைத் திறந்து வைப்பவர்கள் பாதுகாப்பையும் பார்த்தாக வேண்டும். 25565 திறந்திருக்கும் முகவரிகளைத் தேடி அலைவதற்கென்றே நிரல்கள் இருக்கின்றன. ‘வைட்லிஸ்ட்’டை இயக்கி நண்பர்களின் பெயர்களை மட்டும் சேருங்கள், வருபவரின் கணக்கு உண்மையானதா என்று சரிபார்க்கும் ‘ஆன்லைன் மோட்’டை அணைக்காதீர்கள், ரவுட்டரில் கணினியை முழுதாக வெளியே நிறுத்தும் டிஎம்ஸட் வசதியைத் தொடாதீர்கள். 2021 டிசம்பரில், ஜாவா நிரல்கள் பதிவுகள் எழுதப் பயன்படுத்தும் லாக்4ஜே என்ற மென்பொருளின் குறைபாடு வெளிவந்தபோது, உரையாடல் பெட்டியில் ஒரு வரி தட்டச்சு செய்தே மைன்கிராஃப்ட் சர்வர்களைத் தாக்க முடிந்தது, 1.18.1 பதிப்பில் அதைச் சரிசெய்தார்கள். பழைய பதிப்பில் சர்வர் நடத்துபவர்கள் அதற்கான திருத்தத்தைச் செய்துகொண்டார்களா என்று பார்க்க வேண்டும். பதிப்பை உயர்த்தும் முன் உலகத்தின் கோப்புறையை வேறோர் இடத்தில் நகலெடுத்துவிடுங்கள், ஏனெனில் புதிய பதிப்பில் ஒருமுறை திறந்த உலகத்தைப் பழைய பதிப்புக்குப் பத்திரமாகத் திருப்ப முடியாது.

புதிதாக இணைப்பு எடுக்கப் போகிறவர்கள் பணம் கட்டும் முன்பே மூன்று கேள்விகளைக் கேளுங்கள்: பொது ஐபிவி4 முகவரி தருவீர்களா, ஐபிவி6 உண்டா, பதிவேற்ற வேகம் எவ்வளவு. தொலைபேசியில் பேசுபவருக்குப் பதில் தெரியவில்லையென்றால், உங்கள் பகுதிக்கு வரும் டெக்னீஷியனைக் கேளுங்கள். அல்லது அதே இணைப்பை வைத்திருக்கும் பக்கத்து வீட்டாரின் ரவுட்டரில், அவர்கள் அனுமதியுடன், அந்த வேன் ஐபி வரியைப் பார்த்துவிடுங்கள்.